சுவரைத் தட்டிப் பார்க்கிறவரோடு புதுச்சேரியில்

புதுச்சேரிக்கு ஆறேழு முறை போயிருக்கிறேன். கடற்கரைச் சாலை, காந்தி சிலை, மணக்குள விநாயகர், மஞ்சள் சுவர் ஒன்றின் முன் நின்று ஒரு படம், அவ்வளவுதான் நான் பார்த்த புதுச்சேரி. ஊரை இரண்டாகப் பிரிக்கும் வாய்க்காலுக்கு மேற்கே போனதெல்லாம் ஊர் திரும்ப பஸ் பிடிப்பதற்காக மட்டும். அந்தப் பக்கத்துத் தெருக்களில் வழிகாட்டியோடு நடந்து பழைய கட்டடங்களைப் பார்க்கும் மரபு நடை ஒன்று இருக்கிறது என்று கேள்விப்பட்டு, இந்த ஆடி மாதக் கடைசியில் இரண்டு பேருக்குப் பதிவு செய்தேன். இரண்டாவது ஆள் என் அப்பா. ஐம்பது ஆண்டுகள் மேஸ்திரியாக இருந்து, முழங்கால் வலியால் கரண்டியைக் கீழே வைத்தவர்.

"வீடு பார்ப்பதற்குக் காசு கொடுத்துக் கூட்டிப் போகிறார்களா?" என்றார். அதற்குமேல் மறுப்புச் சொல்லவில்லை. வெள்ளை வேட்டி, தோளில் துண்டு, கையில் மஞ்சள் பை என்று காலை ஆறரைக்கே கிளம்பி நின்றார்.

மொத்தம் ஒன்பது பேர். கழுத்தில் கேமரா தொங்காதவர் அப்பா ஒருவர்தான். வழிகாட்டி கட்டடக் கலை படித்த இளம்பெண். வாய்க்காலின் ஓரத்தில் எங்களை நிற்கவைத்துத்தான் பேச்சைத் தொடங்கினார். அந்த இடத்தைக் கண்டுபிடிப்பது சிரமம் இல்லை, மூக்கே வழிகாட்டிவிடும். கிழக்கே பிரெஞ்சுக்காரர்கள் இருந்த வெள்ளை நகரம், மேற்கே தமிழர்கள் இருந்த பகுதி, நடுவில் கோடு கிழித்ததுபோல் இந்த வாய்க்கால். பிரெஞ்சுக்காரர்கள் இங்கே வந்தது 1674-இல். ஆனால் நாம் வியக்கிற இந்த நேர்நேரான, குறுக்கும் நெடுக்குமான தெருக்களின் திட்டம் அவர்களுடையது அல்ல. 1693 முதல் 1699 வரை ஊரைக் கைப்பற்றி வைத்திருந்த டச்சுக்காரர்கள் போட்டது என்றார். எனக்கு அது புதிய செய்தி. 1761-இல் ஆங்கிலேயர்கள் வெள்ளை நகரத்தைத் தரைமட்டமாக்கினார்கள். 1765-இல் ஊர் திரும்பக் கிடைத்ததும் பிரெஞ்சுக்காரர்கள் பழைய தெருக்களின் மேலேயே மறுபடியும் கட்டிக்கொண்டார்கள்.

வெள்ளை நகரத்தில் அரை மணி நேரம்தான் நடந்தோம். நீலப் பலகைகளில் பிரெஞ்சிலும் தமிழிலும் தெருப்பெயர்கள், காகிதப்பூ வழியும் மதில்கள், ஆளுயரத்துக்கு மேல் ஒரு வாயிற்கதவு. அழகுதான். ஆனால் வழிகாட்டி சொன்ன ஒரு விஷயம் அந்த அழகை நான் பார்க்கும் விதத்தை மாற்றிவிட்டது. இங்கே வீடு தெருவுக்கு முதுகைக் காட்டுகிறது. தெருவில் நடக்கிறவனுக்குத் தெரிவது மதில் மட்டும். தோட்டமும் தூண்களும் தாழ்வாரமும் உள்ளே வீட்டுக்காரருக்கு. இத்தனை ஆண்டுகளாக நான் படம் எடுத்துக்கொண்டு வந்ததெல்லாம் அந்த மதிலைத்தான்.

வாய்க்காலைத் தாண்டியதும் கணக்கு தலைகீழாகிவிடுகிறது. மேற்கே வீடுகள் தெருவுக்கு வருகின்றன. முதலில் தெருவை ஒட்டி மரத்தூண்களில் நிற்கும் சரிந்த ஓட்டுத் தாழ்வாரம், அது வழிப்போக்கர்களுக்கு. அதற்குள் திண்ணை, அது வந்தவர்களுக்கு. பிறகுதான் செதுக்கிய நிலைக்கதவு, நடை, முற்றம். ஒரு வீட்டின் தாழ்வாரம் முடியும் இடத்தில் அடுத்த வீட்டினுடையது தொடங்கும். அப்படி வரிசையாக எல்லா வீடுகளும் நின்ற காலத்தில் தெருவின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடி வரை வெயில் படாமல் நடந்து போகலாம் என்றார் வழிகாட்டி. அப்பா அப்போதுதான் முதல்முறையாக அவர் முகத்தைப் பார்த்தார்.

வைசியாள் வீதியில் இதை முழுசாகப் பார்க்கலாம். வணிகர்கள் வாழ்ந்த தெரு. கீழ்த்தளத்தில் திண்ணையும் மரத்தூணும் ஓடும். நிமிர்ந்தால் மாடியில் வளைவு வைத்த ஜன்னல்கள், சுவரோடு ஒட்டிய போலித் தூண்கள், கைப்பிடிச் சுவரில் குட்டையான சுதைத் தூண் வரிசை. கீழே தமிழ், மேலே பிரெஞ்சு. இதைப் பலரும் 'கலப்பு' என்று ஒரே சொல்லில் முடித்துவிடுகிறார்கள். எனக்கு அது சரியாகப் படவில்லை. பாதி பாதியாகக் கலக்கவே இல்லை. மனிதர் புழங்குகிற இடத்தில் ஊர் வழக்கத்தை விடாமல் வைத்துக்கொண்டு, ஊருக்குக் காட்டுகிற இடத்தில் மட்டும் புது மோஸ்தரை ஏற்றியிருக்கிறார்கள். இந்தத் தெருவின் முகப்புகள் ஒட்டுமொத்தமாகச் சீரமைக்கப்பட்டு, 2008-இல் யுனெஸ்கோ விருதும் பெற்றன.

எல்லோரும் மாடியை அண்ணாந்து படம் எடுத்துக்கொண்டிருந்தபோது அப்பாவைக் காணவில்லை. திரும்பிப் பார்த்தால் இரண்டு வீடு பின்னால், சுவரின் அடியில் குந்தி உட்கார்ந்து, விரல் முட்டியால் தட்டிக் கேட்டுக்கொண்டிருந்தார். ஓரிடத்தில் 'டப்' என்றது. ஒரு சாண் தள்ளி, 'டொப்' என்று உள்ளே காற்று இருக்கிற சத்தம். எனக்குக் கூச்சமாக இருந்தது. வழிகாட்டியோ வந்து பக்கத்திலேயே உட்கார்ந்துவிட்டார்.

"ஏம்மா, இது சுண்ணாம்புச் சுவர். அடியில் மூன்றடிக்குச் சிமெண்ட் பூசியிருக்கிறார்கள், தெரியுமா?"

"தெரியும் ஐயா. ஈரம் ஏறுகிறது என்று பூசுகிறார்கள்."

"ஈரத்தை அடைக்கவே முடியாது அம்மா. அது வெளியே போகத்தான் வழி விட வேண்டும்."

அடுத்த கால் மணி நேரம் நடை அவருடையதாகிவிட்டது. கடற்கரை ஊரில் தரையிலிருந்து உப்பும் ஈரமும் செங்கல் வழியாக மேலே ஏறும். சுண்ணாம்புப் பூச்சு மூச்சு விடும். ஏறிய ஈரம் அதன் வழியாகவே காய்ந்துபோகும். சிமெண்ட் பூசினால் ஈரம் உள்ளேயே நின்று இன்னும் மேலே ஏறும், பூச்சுக்குப் பின்னால் உப்புப் பூத்து, செங்கல் மாவாக உதிரும். வெளியே பார்த்தால் வழவழவென்று இருக்கும். தட்டினால்தான் தெரியும். கிளிஞ்சலைச் சுட்டு நீற்றிய சுண்ணாம்பு, மணலோடு செக்கில் மாடு கட்டி அரைத்த சாந்து, அதில் ஊற்றும் கடுக்காய்த் தண்ணீர், வெல்லத் தண்ணீர் என்று தாத்தாவிடம் சிறுவயதில் எடுபிடியாக நின்று கற்றதையெல்லாம் சொன்னார். கேமராக்காரர்கள் நால்வர் மாடியை விட்டுவிட்டு இறங்கி வந்தார்கள்.

ஒரு வீட்டுக்குள் போக அனுமதி வாங்கி வைத்திருந்தார் வழிகாட்டி. வயதான அம்மா ஒருவர், மகன்கள் வெளியூரில். முற்றத்தில் கால் வைத்ததும் தெருவின் சூடு போன இடம் தெரியவில்லை. அப்பா நேரே கூரையைப் பார்த்தார்: மெட்ராஸ் டெரஸ். தேக்குக் கட்டைகளை வரிசையாகப் போட்டு, மேலே ஒல்லியான செங்கற்களைப் படுக்கவைக்காமல் குத்தவைத்து, மூலைவாக்கில் சுண்ணாம்புச் சாந்தில் ஒட்டிக்கொண்டே போவார்கள். கீழே முட்டுப் பலகை கிடையாது. ஒரு வரிசை பிடித்துக்கொள்ளும் தைரியத்தில்தான் அடுத்த வரிசை. அதன்மேல் செங்கல் ஜல்லியும் சுண்ணாம்பும் கொட்டி, பெண்கள் வரிசையாக உட்கார்ந்து மரக்கட்டையால் நாள்கணக்கில் தட்டுவார்கள். கடைசியாகத் தட்டையான ஓடு. கம்பி இல்லை, கான்கிரீட் இல்லை.

"மழைக்கு ஒழுகுகிறதா அம்மா?" என்று கேட்டார்.

"ஒழுகத்தான் செய்கிறது. ஆனால் சூடு இறங்காது. பார்க்க வருகிற ஆள்களெல்லாம் இடித்துக் கட்டிக்கொள்ளத்தான் சொல்கிறார்கள். ஒட்டுப் போடத் தெரிந்த ஆள் ஒருவரும் வருவதில்லை."

அப்பா ஒன்றும் சொல்லவில்லை. வெளியே வந்து திண்ணையில் உட்கார்ந்து செருப்பை மாட்டும்போது, என்னிடம் இல்லாமல், தெருவைப் பார்த்துச் சொன்னார்: "நானும் எத்தனையோ வீட்டில் சுண்ணாம்பைக் கொத்திவிட்டு சிமெண்ட் பூசியிருக்கிறேன் பாப்பா. கேட்டார்கள், செய்தேன். ஒரே நாளில் காய்ந்துவிடும், கூலியும் சீக்கிரம் கைக்கு வரும்." அவர் தொழிலைப் பற்றிக் குறைவாக ஒரு வார்த்தை சொல்லி நான் கேட்டது அதுதான் முதல்முறை.

பிறகு பார்த்தவற்றைச் சுருக்கமாகவே சொல்கிறேன், ஏனென்றால் அப்பாவின் முழங்காலும் என் கவனமும் அதற்குள் தளர்ந்துவிட்டன. ஈசுவரன் கோயில் பக்கம் போனோம். 1748-இல் ஆங்கிலேயர் முற்றுகையின்போது பிரெஞ்சுக்காரர்கள் இடித்த வேதபுரீசுவரர் கோயிலுக்குப் பதிலாகப் பின்னாளில் எழுந்தது இது. அந்த இடிப்பை நாட்குறிப்பில் எழுதி வைத்த ஆனந்தரங்கப் பிள்ளையின் மாளிகை பெரிய கடைத்தெருவுக்குப் பக்கத்தில் இன்னும் நிற்கிறது. 1738 வாக்கில் கட்டியது. கீழே மரத்தூண், மேலே ஐரோப்பிய பாணிச் சுதைத் தூண். வைசியாள் வீதியில் கண்ட வித்தை இங்கே அப்போதே நடந்துவிட்டது. பிரெஞ்சு ஆளுநர் துய்ப்ளேக்ஸின் துபாஷியாக, அதாவது மொழிபெயர்ப்பாளராக இருந்த பிள்ளை 1736 முதல் எழுதியவர். 1761 ஜனவரியில் அவர் இறந்த சில நாட்களில் நகரம் ஆங்கிலேயரிடம் சரணடைந்தது. மிஷன் வீதியில் மாதா கோயில் ஒன்று, 1791-இல் கட்டியது. பதாகையில் என்ன பெயர் இருந்தாலும் ஊர்க்காரர்களுக்கு அது சம்பா கோயில்தான். பாரதியார் 1908 முதல் 1918 வரை இந்த ஊரில் இருந்தபோது வாழ்ந்த வீடு ஈசுவரன் தர்மராஜா கோயில் தெருவில் இருக்கிறது. அங்கே கூட்டம் அதிகம், நின்று பார்க்க முடியவில்லை.

நடை முடிகிற இடத்தில் வழிகாட்டி ஒரு படத்தைக் காட்டினார். கடற்கரைச் சாலையில் இருந்த 'மேரி' என்ற பழைய நகராட்சிக் கட்டடம் 2014 நவம்பர் மழையில் இடிந்து விழுந்த மறுநாள் எடுத்தது. இப்போது அதே தோற்றத்தில் புதிதாகக் கட்டி எழுப்பிவிட்டார்கள். அரசுக் கட்டடத்துக்கு அது நடக்கும், நான்கு அண்ணன் தம்பிகள் பங்கு கேட்கிற வீட்டுக்கு யார் கட்டித் தருவார்கள் என்று கேட்டார். பதில் யாரிடமும் இல்லை. கலைந்தோம். போகும்போது "மேஸ்திரி ஐயா" என்று கூப்பிட்டு அப்பாவின் தொலைபேசி எண்ணைக் குறித்துக்கொண்டார். அப்பா எண்ணைச் சொல்லும்போது குரலில் ஒரு மிடுக்கு இருந்ததை நான் கவனிக்காததுபோல் இருந்துகொண்டேன்.

நீங்கள் போவதானால் கழற்றி மாட்ட எளிதான செருப்பாகப் போடுங்கள். அண்ணாந்து பார்த்துக்கொண்டு நடக்காதீர்கள், தாழ்வாரம் இருந்த இடங்களில் எல்லாம் இப்போது மோட்டார் சைக்கிள் நிற்கிறது. திண்ணையில் உட்காரும் முன் வீட்டுக்காரரைக் கேளுங்கள்.

சாப்பிட்டுவிட்டு பஸ்ஸுக்குப் போகலாம் என்றால் அப்பா வரவில்லை. "பன்னிரண்டு மணிக்கு அந்தத் தெருவுக்கு ஒருமுறை போக வேண்டும்." வெயில் மண்டையைப் பிளந்தது. வைசியாள் வீதியின் ஒரு கோடியில் நின்று துண்டைத் தலையில் போடாமல் தோளிலேயே விட்டு, கூரைகளின் கீழ் நடக்கத் தொடங்கினார். நான் தெருவின் எதிர்ப்பக்கம் நடந்தபடி எண்ணிக்கொண்டு வந்தேன். தாழ்வாரம், தாழ்வாரம், பிறகு முகப்பில் ஷட்டர் போட்ட கான்கிரீட் கட்டடம். அங்கே வெயிலில் இறங்கி மறுபடி நிழலில் ஏறினார். ஓரிடத்தில் வண்டிகள் அடைத்து நின்றதால் நடுத்தெருவுக்கே வந்து போக வேண்டியிருந்தது.

மறுகோடியில் மூச்சு வாங்க நின்று, "எத்தனை தடவை?" என்றார்.

"ஏழு தடவை வெயிலுக்கு வந்தீர்கள் அப்பா."

"வண்டியைக் கணக்கில் சேர்க்காதே," என்று சொல்லிவிட்டு மஞ்சள் பையிலிருந்து தண்ணீர் பாட்டிலை எடுத்தார்.