ரேடியோஹெட்டும் ஒரு கரகரப்பும்

மூன்று வாரமாக இரவு பத்து மணிக்குமேல் யாருடனும் பேசவில்லை. இங்கிலாந்தின் ராக் இசைக்குழுவான ரேடியோஹெட்டின் ஒன்பது ஸ்டூடியோ ஆல்பங்களையும், 1993இல் வந்த ‘பாப்லோ ஹனி’ முதல் 2016இல் வந்த ‘எ மூன் ஷேப்டு பூல்’ வரை, ஒலியை இழப்பின்றிச் சுருக்கும் ஃபிளாக் (FLAC) கோப்புகளாக வரிசையாகக் கேட்டு முடித்தேன். குறுந்தகட்டின் நொடிக்கு 1,411 கிலோபிட்டை ஃபிளாக் ஏறக்குறையப் பாதியாக மடித்து வைக்கும். பிரிக்கும்போது ஒரு பிட்கூடக் குறையாது. கம்பி ஹெட்போன்தான். நடுவில் ப்ளூடூத் வந்தால் அது தன் பங்குக்குச் சுருக்கிவிடும்.

முதல் ஆல்பத்தில், ஒலியில் கொஞ்சத்தை வெட்டிச் சுருக்கும் என் பழைய எம்பி3 கோப்புகளோடு ஒப்பிட்டால் பெரிய வித்தியாசம் தெரியவில்லை. கிதார்கள் ஒன்றாக முழங்கும் இடத்தில் எம்பி3 எதை விழுங்கினாலும் காது கண்டுகொள்வதில்லை. (அந்த ஆல்பத்தை இரண்டாம் முறை கேட்கும் பொறுமையும் எனக்கு இல்லை.)

‘ஓகே கம்ப்யூட்டர்’ அப்படியல்ல. அதன் பெரும்பகுதியை இங்கிலாந்தில் பாத் நகருக்கு அருகே ஒரு பழைய மாளிகையில் பதிவு செய்தார்கள். ஒரு பாட்டைக் குழுவின் பாடகர் தாம் யார்க் (Thom Yorke) கல் படிக்கட்டில் நின்று பாடினார். அந்த எதிரொலி கட்டடத்தினுடையது. என்னுடைய பழைய 128 கேபிபிஎஸ் (நொடிக்கு 128 கிலோபிட்) எம்பி3 கோப்பில் குரல் நின்றதும் எதிரொலி சலசலத்து அறுந்துபோகும். இப்போது அது தேய்ந்து தேய்ந்து சுவரில் கரைவது வரை கேட்கிறது. அந்த இரண்டு விநாடிக்காக நான்கு முறை பின்னால் போனேன்.

‘இன் ரெயின்போஸ்’தான் என் மூக்கை உடைத்தது. 2007இல், விரும்பிய விலைக்கு இறக்கிக்கொள்ளலாம் என்று குழுவே தந்த 160 கேபிபிஎஸ் எம்பி3யைத்தான் இத்தனை ஆண்டுகளும் கேட்டுவந்தேன். சத்தம் ஏறும் இடங்களில் ஒரு கரகரப்பு இருக்கும். எம்பி3யின் குற்றம் என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லியும் வந்தேன். ஃபிளாக்கிலும் அதே கரகரப்பு! அலைவடிவத்தைத் திறந்து பார்த்தால் உச்சிகளெல்லாம் கத்தரித்ததுபோல் தட்டையாக இருக்கின்றன. வெளியீட்டுக்கு முன் ஒலியைக் கடைசியாகச் சீராக்கும் மாஸ்டரிங்கிலேயே அவ்வளவு சத்தம் ஏற்றியிருக்கிறார்கள். பாவம் எம்பி3.

ரோஷம் வந்து, எது எது என்று தெரியாதபடி ஃபிளாக்கையும் 320 கேபிபிஎஸ் எம்பி3யையும் மாற்றி மாற்றி ஒலிக்கவிட்டுச் சோதித்தேன். 16 முறையில் 9 சரி. காசைச் சுண்டிப் போட்டிருந்தாலும் எட்டு வந்திருக்கும். 128உடன் வைத்தபோது 15 சரி என்பதில் கொஞ்சம் மானம் தப்பியது.

கடைசியாக அந்தப் படிக்கட்டு எதிரொலியை 320இல் போட்டேன். அங்கேயும் முழுதாகவே கரைகிறது. ஃபிளாக் கோப்புகளை இன்னும் அழிக்கவில்லை. அழிக்க மனம் வரவில்லை.