பஸ் டைமிங் வழக்கு: புறப்படும் நேரத்தை மட்டும் பார்த்தால் போதாது

நீங்கள் தனியார் பஸ் முதலாளி. உங்கள் ரூட்டில் புதிதாக இன்னொரு தனியார் பஸ் வந்துவிட்டது. உடனே “அந்த பெர்மிட்டையே ரத்து செய்யணும்” என்று கிளம்பினால் வேலைக்கு ஆகாது. பழைய பஸ்காரர் ஆட்சேபணை சொல்லும் வழி 1939ஆம் ஆண்டுச் சட்டத்தோடு போயிற்று. 1988 மோட்டார் வாகனச் சட்டத்தின் கீழ், போட்டி வருகிறது என்பதற்காகப் புது பெர்மிட்டை எதிர்க்க முடியாது என்று மிதிலேஷ் கார்க் வழக்கில் 1991ல் உச்ச நீதிமன்றமே சொல்லிவிட்டது. முன்சீப் கோர்ட்டில் தடையுத்தரவு கேட்கவும், பெர்மிட் விஷயத்தில் சிவில் கோர்ட் தலையிடக் கூடாது என்னும் அதே சட்டத்தின் 94ஆம் பிரிவு குறுக்கே நிற்கும்.

மிச்சமிருக்கும் பிடி டைமிங்தான், அதாவது எந்த பஸ் எந்த இடத்தில் எத்தனை மணிக்கு என்ற அட்டவணை. ஆர்.டி.ஓ. கூட்டும் டைமிங் கூட்டத்திலேயே பாதிக் கேஸ் முடிந்துவிடும். அங்கே பலரும் ஸ்டாண்டில் எடுக்கும் நேரத்தை மட்டும் பார்த்து, “பத்து நிமிஷம் இடைவெளி இருக்கே” என்று கையெழுத்துப் போட்டுவிடுகிறார்கள்.

ஓட்ட நேரத்தை, அதாவது தடத்தைக் கடக்க ஆகும் நேரத்தைப் பாருங்கள். 24 கி.மீ. பொதுத் தடம் என்று வைத்துக்கொள்வோம். உங்கள் பஸ் 8.20க்கு எடுத்து, 60 நிமிடத்தில் போகிறது. புது பஸ் 8.30க்கு எடுத்தாலும் அதற்குக் கொடுத்த ஓட்ட நேரம் 48 நிமிடம். 16ஆவது கி.மீ.யில் நீங்கள் 9.00, அவர் 9.02. 20ஆவது கி.மீ.யில் இரண்டும் ஒன்றாக 9.10. கடைசி ஸ்டாப்புக்கு அவர் 9.18, நீங்கள் 9.20. பள்ளி, ஆபீஸ் கூட்டம் ஏறுவது அந்தக் கடைசி எட்டு கி.மீ.யில் என்றால் வசூல் யாருக்குப் போகும்? ஆட்சேபணையை இப்படி ஸ்டாப் வாரியாக அட்டவணை போட்டு எழுதிக் கொடுங்கள். அந்தத் தடத்தில் ஓடும் எல்லா பஸ்களின் டைமிங்கையும் சான்றிட்ட நகலாக வாங்கி இணையுங்கள்.

புது பஸ்காரர் டைமிங்கை மீறி ஓட்டுகிறார் என்பது தனிப் புகார். அட்டவணையிலிருந்து எவ்வளவு விலகலாம் என்று சட்டத்தின் 72(2)ஆம் பிரிவின் கீழ், பெர்மிட் கொடுக்கும் வட்டாரப் போக்குவரத்து ஆணையம் வரம்பு வைத்திருக்கலாம். அதைப் பார்க்காமல் மூன்று நிமிடத்துக்குப் புகார் கொடுத்தால் நிற்காது. டைம் கீப்பர் பதிவேடு, டிக்கெட் மிஷின் ரிப்போர்ட் இரண்டும் வேண்டும். மிஷினின் கடிகாரம் தப்பாக ஓடினால் எதிர்த்தரப்பு வக்கீல் அதிலேயே கேஸை உடைத்துவிடுவார். இவ்வளவு செய்தும், 86(5)ஆம் பிரிவின்படி ஒரு தொகை கட்டிவிட்டு அவர் பெர்மிட்டைக் காப்பாற்றிக்கொள்ளக்கூடும். என் கணக்கில் இது சட்டத்தின் பலவீனமான இடம்.

உங்கள் டைமிங்கையே மாற்ற வந்தால், பெர்மிட் நிபந்தனையை மாற்றக் குறைந்தது ஒரு மாத நோட்டீஸ் வேண்டும். அது வந்ததா என்று முதலில் பாருங்கள். மாற்றிய உத்தரவுக்கு 89ஆம் பிரிவில் மேல்முறையீடு உண்டு. அடுத்தவருக்குக் கொடுத்த டைமிங்கால் உங்களுக்குப் பாதிப்பு, மேல்முறையீட்டுக்கும் வழியில்லை என்றால் 90ஆம் பிரிவில் சீராய்வு மனு, அதாவது அந்த உத்தரவு சரிதானா என்று மறுபடி பார்க்கக் கேட்கும் மனு. இரண்டுக்கும் போக வேண்டிய இடம் மாநிலப் போக்குவரத்து மேல்முறையீட்டுத் தீர்ப்பாயம். சீராய்வுக்குக் கெடு, உத்தரவு தேதியிலிருந்து 30 நாள். நேரே ஹைகோர்ட்டுக்கு ரிட் போட்டால், மாற்று வழி இருக்கிறதே என்று அங்கேயே திருப்பிவிட வாய்ப்பு அதிகம். அதற்குள் அந்த 30 நாளும் ஓடிவிடும்.