"சோத்துக்குத்தான் போனேன்": சின்னப் பாட்டியைப் பதிவு செய்த அனுபவம்

நேதாஜியின் இந்திய தேசிய ராணுவத்துப் பெண்கள் பிரிவான ஜான்சி ராணிப் படையில் இருந்த எங்கள் சின்னப் பாட்டியிடம், "உங்க கதையை ரெக்கார்டு பண்ணலாமா?" என்று கேட்டேன். "நான் என்னய்யா பண்ணேன்? ஒரு குண்டுகூடச் சுடல" என்றார். அந்தப் படைக்குத் தலைமை தாங்கிய கேப்டன் லட்சுமியைப் பற்றி நிறைய எழுதிவிட்டார்கள். மலாயாவில் பால்மரம் வெட்டிக்கொண்டிருந்து படைக்குப் போன பெண்களைத் தேடிப்போய்க் கேட்டவர்கள் குறைவு. தங்களிடம் சொல்ல எதுவுமில்லை என்று அவர்களே நம்பிவிட்டார்கள்.

வருஷத்தைக் கேட்டால் பேச்சு நின்றுவிடும். பொருளைக் கேட்டால் வரும். "படையில சேர்ந்தப்ப முடியை யாரு வெட்டுனா?" என்று கேட்டதும் பாட்டி நிமிர்ந்து உட்கார்ந்தார். வெட்டியவள் பக்கத்து லயத்துப் பெண்ணாம் (லயம் என்றால் தோட்டத் தொழிலாளர் வீட்டு வரிசை). வெட்டிவிட்டு அவளே அழுதாளாம். முதன்முதலாகக் கால்சட்டை போட்ட அன்று கூச்சத்தில் எல்லோரும் சுவரோரமாகவே நடந்தார்களாம். கட்டளையெல்லாம் இந்துஸ்தானியில். பாதி மறந்துவிட்டது, ஆனால் "ஏக் தோ, ஏக் தோ" என்று சொன்னபோது கை தானாகத் தொடையில் தட்டியது.

சீருடை, போட்டோ எதுவும் மிஞ்சவில்லை. ஜப்பான்காரன் தோற்று, வெள்ளைக்காரன் மலாயாவுக்குத் திரும்பி வந்ததும் பயந்து எரித்துவிட்டார். அதனால் அவர் சொன்னதைத் தெரிந்த தேதிகளோடு ஒட்டிப் பார்த்தேன். நேதாஜி சிங்கப்பூர் வந்தது 1943 ஜூலையில், அங்கே பெண்கள் முகாம் திறந்தது அதே வருஷம் அக்டோபர் 22. பாட்டி சொன்ன "பகல்ல பதுங்கி ராத்திரில நடந்தோம்" 1945 ஏப்ரலில் படை பர்மாவின் ரங்கூனை விட்டுப் பின்வாங்கியதோடு பொருந்துகிறது. இதையெல்லாம் தனிக் குறிப்பாக வைத்தேன். அவர் பேச்சில் கை வைக்கவில்லை.

கருவி பெரிய விஷயமில்லை. போனை ஏரோப்ளேன் மோடில் போட்டு, மின்விசிறியை நிறுத்தினால் போதும். பிரதிகளை மட்டும் வேறு வேறு இடத்தில் வையுங்கள்.

சிக்கல் வீட்டுக்குள்தான் வந்தது. அந்தக் காலத்தில் சயாம்-பர்மா ரயில்பாதை போட ஜப்பான்காரன் தோட்டத்து ஆட்களைப் பிடித்துக்கொண்டு போனான். ஏன் சேர்ந்தீர்கள் என்ற கேள்விக்குப் பாட்டி சொன்னது: "அப்பாவ சயாம் ரயிலுக்குப் பிடிச்சிட்டுப் போயிட்டான். வீட்ல மரவள்ளிதான். முகாம்ல சோறு போடுவாங்கன்னாங்க, சோத்துக்குத்தான் போனேன். நாடு, நேதாஜி எல்லாம் அப்புறந்தான்." மாமாவுக்கு இது பிடிக்கவில்லை. "தியாகின்னு சொல்லிட்டு இது என்ன? எடுத்துடு" என்றார். என்னைக் கேட்டால், மொத்தப் பதிவிலும் உண்மையான இடம் அதுதான். பசியோடு போன பெண் ரங்கூன் வரை போய் நின்றது சின்ன விஷயமா?

சரி, பாட்டியே சொல்லட்டும் என்று போட்டுக் காட்டினேன். "நெசந்தானே, இருக்கட்டும்" என்றார். எடுக்கச் சொன்னது நான் எதிர்பாராத வேறொரு இடத்தை: முகாமில் உடனிருந்த ஒரு தோழியின் குடும்ப விஷயம். அதனால் சம்மதத்தை ஒரே கையெழுத்தில் முடிக்காதீர்கள். யார் கேட்கலாம், பெயர் போடலாமா, எந்தப் பகுதியை மூடி வைப்பது என்று தனித்தனியாகக் கேளுங்கள், அதுவும் அவர் முழுதாகக் கேட்ட பிறகு. தோழியின் பகுதியை வெட்டித் தனிக் கோப்பாக வைத்திருக்கிறேன். சோற்று வரி இருக்கிறது. மாமாவுக்கு இன்னும் கோபம்.