வசனவரியில் விழாத கேரளம்

பிப்ரவரி 3

மலையாளப் படம் கேரளத்தின் எந்தப் பக்கத்தில் நடக்கிறது என்று அறிய ஊர்ப்பலகையைத் தேட வேண்டாம். ‘நீ’, ‘அவன்’, ‘என்ன’ மூன்றும் எப்படிக் காதில் விழுகின்றன என்று கவனித்தால் போதும். மலப்புறத்தில் ‘நீ’ என்பது ‘இஜ்ஜு’. ‘அவன்’ என்பது ‘ஓன்’. திருவனந்தபுரத்தில் ‘என்ன’ என்பதற்கான ‘எந்து’ போய் ‘எந்தரு’ வரும். திருச்சூர்க்காரர் பேச்சோடு பேச்சாக, ‘நண்பா’ என்பதுபோல, ‘இஷ்டா’ போடுவார்.

வசனவரியில் (சப்டைட்டிலில்) இதெல்லாம் ஒரே ‘நீ’, ஒரே ‘என்ன’. தமிழ் டப்பிங்கில் இன்னும் மோசம், எல்லாரும் டிவி சீரியல் தமிழ் பேசுவார்கள். காட்சியை ஒருமுறை வசனவரியோடு பார்த்துவிட்டு, அதை அணைத்து மறுபடி கேட்பதுதான் வழி.

பிப்ரவரி 4

வெகுகாலம் நாயகன் பேசியது ஒற்றப்பாலம் பக்கத்து வள்ளுவநாட்டு மலையாளம். மற்ற வழக்குகள் சிரிப்பு நடிகர்களுக்கு. 2005இல் ‘ராஜமாணிக்யம்’ படத்தில் மம்மூட்டியே திருவனந்தபுரத்துப் பேச்சில் வந்தார். அங்கேயும் அது சிரிக்க வைக்கத்தான்.

பிப்ரவரி 6

‘சுடானி ஃப்ரம் நைஜீரியா’ (2018) வேறு ரகம். மலப்புறத்தின் செவன்ஸ் கால்பந்து: அணிக்கு ஏழு பேர், ஆட ஆப்பிரிக்காவிலிருந்து வரவழைத்த ஆட்டக்காரர்கள். வந்தவர் நைஜீரியாக்காரர், ஊருக்கு அவர் ‘சுடானி’. காலொடிந்து படுத்தவரிடம் அணி மேலாளர் மஜீதின் உம்மா (அம்மா) மலையாளத்திலேயே பேசுகிறார். இங்கே வழக்கு கேலிக்கல்ல, வீட்டுப் பேச்சு.

பிப்ரவரி 9

‘தி கிரேட் இந்தியன் கிச்சன்’, 2021 ஜனவரியில் நேரே ஓடிடிக்கு வந்தது. இதில் பேச்சை விட்டுவிட்டு, புதுமணப்பெண் வேலை செய்யும் சமையலறையின் சிங்க்கைப் பார்க்க வேண்டும். அதன் கீழே கழிவுநீர்க் குழாய் ஒழுகுகிறது. பிளம்பரைக் கூப்பிடச் சொன்னால் கணவன் மறந்துபோகிறான். கீழே வாளி வைக்கிறாள். நாற்றம் கையை விட்டுப் போவதில்லை.

மாமனார் அதட்டுவதில்லை, குரல் உயர்த்துவதில்லை. சோறு விறகடுப்பில் வேக வேண்டும், சட்னியை மிக்ஸியில் அரைக்கக் கூடாது, துணியை மெஷினில் போடக் கூடாது. மூன்றையும் தன்மையாகவே சொல்கிறார். படத்தின் கூர்மை அந்தத் தன்மையில்தான். சாப்பிட்ட மேசையில் மென்று துப்பிய முருங்கைச் சக்கை. ஆண்கள் எழுந்த பிறகுதான் பெண்கள் அதே மேசையில் உட்காருகிறார்கள். பின்னணி இசை அநேகமாக இல்லை. காய் நறுக்குவது, தாளிப்பது, பாத்திரம் கழுவுவது, மறுபடி நறுக்குவது. நீளம் என்று குறைபட்டவர்கள் உண்டு. அலுப்பைக் காட்ட வேறெப்படி எடுப்பது?

கடைசியில் அந்த அழுக்குத் தண்ணீர் ஆண்கள் மேல் போகிறது.