மைக் செட் வேலைக்கு நடுவே ஒரு பாட்டுக் கட்டுரை

தமிழ் விக்கிப்பீடியாவில் இதுவரை நான் எழுதியதெல்லாம் ஊரும் ஆறும் கோயிலும்தான். எந்த வாய்க்கால் எங்கே தலைப்பெடுக்கிறது, எந்தக் கோயிலில் என்றைக்குத் தேர் என்கிற வகை. பாப் பாட்டுப் பக்கம் என்னை இழுத்தவள் என் அக்காள் மகள். தஞ்சாவூரில் கல்லூரியில் படிக்கிறாள். 2022-இல் ஓர் அமெரிக்கத் தொடரில் இடம்பெற்ற பழைய பாட்டு ஒன்று மறுபடி உலகம் முழுக்க ஒலித்ததே, அதைப் பாடிய கேட் புஷ்ஷை எனக்குக் காட்டியவளும் அவள்தான். "மாமா, இந்த அம்மாவின் முதல் பாட்டைக் கேளுங்கள், குரல் எங்கே போய் நிற்கிறது பாருங்கள்" என்றாள். கேட்டேன். மைக் செட் வைத்திருப்பவன் காது குரலின் அழகைப் பிறகுதான் பார்க்கும். குழாய் ஸ்பீக்கரில் போட்டால் இது கிழியுமா என்பதுதான் அதற்கு முதல் கேள்வி. கிழியும், சந்தேகமே இல்லை.

பாட்டின் பெயர் 'வதரிங் ஹைட்ஸ்'. எமிலி பிராண்டி 1847-இல் வெளியிட்ட நாவலின் பெயரே பாட்டுக்கும் பெயர். இறந்துபோன கேத்தரீன் ஆவியாக வந்து, ஹீத்கிளிஃப் இருக்கும் வீட்டு ஜன்னலைத் தட்டி உள்ளே விடச் சொல்கிறாள். பாட்டு முழுவதும் அவள் பேச்சுத்தான். இங்கிலாந்தில் 1978 ஜனவரி 20-ஆம் தேதி தனி இசைத்தட்டாக வந்தது. பாடகிக்கு அப்போது பத்தொன்பது வயது.

வலங்கைமான் பக்கம் ஐப்பசி மழை இறங்கிவிட்டால் திறந்தவெளி நிகழ்ச்சிகள் குறைந்துவிடும். பாக்ஸ்களைத் தார்ப்பாயால் போர்த்தி வைத்துவிட்டு, கரண்ட் இருக்கிற நேரமெல்லாம் மணல்தொட்டியில், அதாவது விக்கிப்பீடியாவில் வரைவு எழுதிப் பார்க்கும் பக்கத்தில், இந்தக் கட்டுரையை எழுதினேன்.

"ஆங்கிலத்தில்தான் நீளமான கட்டுரை இருக்கிறதே, அப்படியே தமிழாக்கிப் போட்டுவிடலாமே மாமா?" என்று மருமகள் கேட்டாள். போடலாம்தான். ஆனால் அங்கே எழுதியவர்கள் தங்கள் வாசகருக்குத் தெரிந்ததைச் சொல்லாமல் விட்டிருப்பார்கள். நம் வாசகருக்கு அதுதான் முதலில் வேண்டும். இன்னொன்று, மேற்கோள் என்று கீழே எண் போட்டிருப்பதை நான் திறந்து பார்க்காமல் என் பெயரில் எழுத மனம் ஒப்பவில்லை. அதனால் ஓரத்தில் சுருக்க விவரங்களைக் காட்டும் தகவற்பெட்டியையும் எலும்புக்கூட்டையும் மட்டும் அங்கிருந்து எடுத்துக்கொண்டு, உள்ளடக்கத்தைப் பத்தி பத்தியாக நானே கட்டினேன்.

முதலில் எழுதியது, எல்லோரும் முதலில் எழுதுகிற அந்த நிலா இரவு. 1977 மார்ச் 5-ஆம் தேதி இரவு, லண்டனில் தம் வீட்டில் பியானோ முன் உட்கார்ந்து, சில மணி நேரத்தில் கேட் புஷ் இதை எழுதி முடித்தார். ஜன்னல் திரை திறந்திருந்தது, வானத்தில் முழுநிலா. இதை அவரே பின்னாளில் சொல்லியிருக்கிறார். நாவலின் தொலைக்காட்சி வடிவம் ஒன்றை பி.பி.சி. 1967-இல் ஒளிபரப்பியது, அதன் கடைசிச் சில நிமிடங்களைப் பார்த்ததில்தான் பாட்டுக்கு விதை விழுந்தது. எமிலி பிராண்டி பிறந்தது 1818 ஜூலை 30. கேட் புஷ் பிறந்தது 1958 ஜூலை 30. இத்தனையும் ஒரே பத்தியில் வந்து விழுந்தால் எழுதுகிறவனுக்குக் கை துறுதுறுக்காமல் என்ன செய்யும்?

நிலாவைச் சரிபார்க்க எனக்கு ஒரு வழி இருந்தது. அப்பா பழைய பஞ்சாங்கங்களைத் தூக்கிப் போடுகிறவர் அல்லர். முகூர்த்தத் தேதி பார்த்துத்தான் அவர் செட்டுக்கு முன்பணம் வாங்குவார். பரணிலிருந்து நள வருடத்துப் பஞ்சாங்கத்தை எடுத்துப் பிரித்தால், மாசிப் பௌர்ணமி அதே நாள். கும்பகோணத்தில் மாசி மகத்தை ஒட்டி மகாமகக் குளக்கரையெல்லாம் கூட்டமாக இருக்கும் பொழுது அது. லண்டனில் ஒரு பெண் அதே நிலாவைப் பார்த்துக்கொண்டு பேய்ப்பாட்டு எழுதியிருக்கிறாள் என்று நினைக்கும்போது உள்ளூர ஒரு குதூகலம். ஆனால் கட்டுரையில் இதற்கு இடமில்லை. பஞ்சாங்கத்தைப் பார்த்து நானாகக் கணக்கை ஒட்டவைப்பது சொந்த ஆய்வு. கலைக்களஞ்சியத்தில் அதற்கு அனுமதி கிடையாது. அவர் சொன்னதாகப் பதிவான வரியை மட்டும் வைத்துக்கொண்டு மாசி மகத்தை வெளியே விட்டேன். இங்கே எழுதித் தீர்த்துக்கொள்கிறேன்.

முன்தோற்றம் போட்டுப் படித்தபோது ஒன்று உறுத்தியது. நிலா இரவுக்கு இவ்வளவு நீளம். அடுத்த வரியில் பாட்டு வெளியாகி, பிரிட்டன் தரவரிசையில் முதலிடத்துக்குப் போய்விடுகிறது. நடுவில் ஓராண்டு எங்கே போயிற்று? பாட்டுக் கட்டுரைகளில் பெரும்பாலும் நடப்பது இதுதான். பிறந்த கதை இருக்கும், பேர் வாங்கிய கதை இருக்கும், ஒலிப்பதிவுக் கூடத்தில் வேலை செய்தவன் மட்டும் இருக்க மாட்டான். இந்த ஓராண்டை நிரப்புவதுதான் என் வேலை என்று அப்போது முடிவு செய்தேன். மற்றப் பகுதிகளெல்லாம் அதற்குப் பிறகு.

அந்த ஓராண்டில் நடந்தது சுவாரசியமானது. பாடகியை ஒப்பந்தம் செய்திருந்தது இ.எம்.ஐ. நிறுவனம். இங்கே அந்தப் பெயர் சொன்னால் பலருக்குப் புரியாது. ஆனால் நாய் படம் போட்ட எச்.எம்.வி. ரெக்கார்டு தெரியாத மைக் செட்காரர் அந்தக் காலத்தில் இல்லை. அந்தத் தட்டுகளை இந்தியாவில் அச்சிட்ட கிராமபோன் கம்பெனி, லண்டன் இ.எம்.ஐ.யின் கிளை நிறுவனமாகத்தான் அப்போது இருந்தது. முதல் தட்டாக 'ஜேம்ஸ் அண்ட் த கோல்டு கன்' என்ற வேறொரு பாட்டை விடலாம் என்பது நிறுவனத்தின் எண்ணம். கேட் புஷ் இதுதான் முதலில் வரவேண்டும் என்று பிடிவாதமாக நின்றார். வென்றார். 1977 நவம்பர் 4-ஆம் தேதி என்று நாளும் குறித்தார்கள். பிறகு அட்டைப் படம் அவருக்குப் பிடிக்கவில்லை, மாற்றச் சொன்னார். வெளியீடு தள்ளிப்போனது. ஆனால் வானொலி நிலையங்களுக்கு முன்கூட்டியே சில பிரதிகள் போய்விட்டிருந்தன. லண்டனின் கேப்பிடல் ரேடியோ, வெளியாகாத பாட்டை ஒலிபரப்பிக்கொண்டிருந்தது.

தள்ளிப்போனதில் ஒரு லாபமும் உண்டு. அந்த நவம்பரில்தான் பால் மெக்கார்ட்னியின் விங்ஸ் குழு 'மல் ஆஃப் கின்டைர்' பாட்டை வெளியிட்டது. பிரிட்டனில் இருபது லட்சம் பிரதிகளுக்கு மேல் விற்ற முதல் தனித்தட்டு அது. கிறிஸ்துமஸையும் தாண்டி ஒன்பது வாரம் முதலிடத்தை விட்டு நகரவில்லை. புதுப்பெண்ணின் பாட்டு அதன் எதிரே வந்திருந்தால் என்ன ஆகியிருக்கும் என்று எழுத ஆசைதான். 'ஆகியிருக்கும்' என்ற சொல் வந்தாலே நிறுத்திவிட வேண்டும். இரண்டு வெளியீட்டு நாட்களையும் அடுத்தடுத்து வைத்துவிட்டு நகர்ந்தேன், படிக்கிறவர் கூட்டிக்கொள்வார்.

ஒலிப்பதிவுப் பகுதிக்குத்தான் அதிகம் மெனக்கெட்டேன், எழுதி முடித்ததில் எனக்குப் பிடித்ததும் அதுவே. 1977 கோடையில் லண்டன் ஏர் ஸ்டூடியோவில் பதிவு. தயாரிப்பாளர் ஆண்ட்ரூ பவல். பாஸ் கிட்டாரும் அவரே வாசித்திருக்கிறார். டிரம்ஸ் ஸ்டூவர்ட் எலியட், ஆர்கன் டங்கன் மக்கே, கிட்டார் இயன் பெயர்ன்சன், ஒலிப்பதிவுப் பொறியாளர் ஜான் கெல்லி. பியானோ வாசித்துப் பாடியது கேட் புஷ். குரலை வெட்டி ஒட்டவில்லை, ஒரே முறையில் பாடியதுதான் தட்டில் இருக்கிறது என்று கெல்லி சொல்லியிருக்கிறார். நள்ளிரவில் உட்கார்ந்து விடிகிற வரைக்கும் ஒலிக்கலவை செய்தார்களாம். அந்தப் பாட்டின் கடைசியில், குரல் ஓய்ந்தபிறகும் விடாமல் தனியாக ஓடுகிற கிட்டார் பெயர்ன்சனுடையது. திருவாரூர் ஓடம்போக்கியிலிருந்து தெப்பத்துக்குத் தண்ணீர் வருவது யார் கண்ணுக்கும் தெரியாது, தெப்பம் மட்டும் தெரியும். பாட்டுக்கு இவர்களும் அப்படித்தான்.

நம் ரெக்கார்டுகளின் லேபிளில் படத்தின் பெயர், பாடியவர், இசையமைப்பாளர் இருப்பார்கள். வயலின் யார், தபேலா யார் என்று இருக்காது. எங்கள் வீட்டில் மிச்சமிருக்கும் தட்டுகளை மருமகளோடு உட்கார்ந்து புரட்டிப் பார்த்தோம். "இத்தனை பேர் வாசித்திருக்கிறார்களே மாமா, ஒருவர் பெயர்கூட இல்லையே" என்றாள். தாத்தா காலத்திலிருந்தே அப்படித்தான் என்றேன். இன்னொரு வித்தியாசத்தையும் அவளுக்குக் காட்டினேன். நம் ஊரில் சினிமாப் பாட்டுக்கு வந்த 45 சுற்றுச் சின்னத் தட்டில் பெரும்பாலும் பக்கத்துக்கு இரண்டு பாட்டு இருக்கும். அங்கே தனித்தட்டு என்றால் பக்கத்துக்கு ஒன்று. முன்பக்கம் 'வதரிங் ஹைட்ஸ்', பின்பக்கம் 'கைட்'. தட்டு எண் இ.எம்.ஐ. 2719. தகவற்பெட்டியில் இவற்றை நிரப்பியபோது, பின்பக்கம் என்றால் என்ன என்று கட்டுரைக்குள் அரை வரி விளக்கமும் சேர்த்தேன். தட்டைத் திருப்பிப் போட்டறியாத தலைமுறைக்கு அது வேண்டும்.

தரவரிசைப் பகுதி வெறும் எண் வேலை; சீக்கிரம் முடிந்தது. 1978 பிப்ரவரி 11-இல் முடிந்த வாரம் 42-ஆம் இடம், அடுத்தடுத்த வாரங்களில் 27, 13, 5. மார்ச் 11-இல் முடிந்த வாரம், ஆபா குழுவின் 'டேக் எ சான்ஸ் ஆன் மீ' பாட்டை இறக்கிவிட்டு முதலிடம். நான்கு வாரம் அங்கேயே. ஆஸ்திரேலியா, நியூசிலாந்து, அயர்லாந்து, இத்தாலியிலும் முதலிடம். ஒரு எச்சரிக்கை மட்டும், இதே வேலையில் இறங்குகிறவர்களுக்கு: பிரிட்டனில் அந்தக் காலத்தில் பட்டியல் செவ்வாய்க்கிழமை அறிவிக்கப்படும், அதன்மேல் போடும் தேதி வாரம் முடியும் சனிக்கிழமை. அதனால் ஒரே வாரத்துக்கு ஒவ்வொரு நூலும் ஒவ்வொரு தேதி சொல்லும். ஒன்றைத் தேர்ந்துகொண்டு கட்டுரை முழுக்க அதையே பிடிக்க வேண்டும். நான் சனிக்கிழமையைப் பிடித்தேன்.

கட்டுரையை எல்லோரும் படிக்கும் பொதுவெளிக்கு நகர்த்திய பிறகுதான், தொகுப்பவர்கள் விவாதிக்கும் பேச்சுப் பக்கத்தில் சூடு பிடித்தது. முகப்பு வரியில் நான் எழுதியிருந்தது: 'தாமே எழுதிய பாடலைப் பாடி, பிரித்தானியத் தனிப்பாடல் தரவரிசையில் முதலிடம் பெற்ற முதல் பெண்'. ஒரு பயனர் வந்து அதை 'தாமே எழுதிய பாடலால் உலகப் புகழின் உச்சிக்குச் சென்ற முதல் பெண்' என்று மாற்றிவிட்டார். நோக்கம் நல்லதுதான், என் வரி வறட்டுத்தனமாக இருக்கிறது என்று தொகுப்புச் சுருக்கத்தில் எழுதியிருந்தார். வறட்டுத்தனம்தான் அந்த வரிக்குப் பாதுகாப்பு. அதிலுள்ள ஒவ்வொரு சொல்லும் ஒரு வரப்பு. ஒன்றை வெட்டினாலும் தண்ணீர் அடுத்தவன் வயலுக்குப் பாயும். அமெரிக்காவில் பாபி ஜென்ட்ரி தாமே எழுதிய பாட்டால் 1967-லேயே அங்கு முதலிடம் பெற்றுவிட்டார். அவருக்குப் பிரிட்டனிலும் 1969-இல் முதலிடம் கிடைத்தது, ஆனால் அது வேறு ஒருவர் எழுதிய பாட்டு. ஆகவே பிரித்தானியத் தரவரிசை என்று சொல்லாவிட்டால் வாக்கியம் பொய். தாமே எழுதியது என்று சொல்லாவிட்டாலும் பொய். இதைப் பேச்சுப் பக்கத்தில் வைத்தேன். "சரி ஐயா, உங்கள் வரியே இருக்கட்டும், ஆனால் கட்டுரையில் எங்கேயாவது கொஞ்சம் உயிர் வேண்டாமா?" என்று பதில் வந்தது. நியாயமான கேள்வி. 'தேனினும் இனிய', 'காலத்தால் அழியாத' என்று அவர் சேர்த்திருந்தவற்றை எடுத்துவிட்டேன். பதிலாக, சாலிஸ்பரி சமவெளிப் புல்வெளியில் சிவப்பு உடையில் அவர் ஆடிய காட்சிப்படத்தையும், வெள்ளை உடையில் அரங்குக்குள் எடுத்த இன்னொன்றையும் விவரித்து இரண்டு வரி சேர்த்தேன். இருவருக்கும் திருப்தி.

பாட்டு வரிகளைத் தமிழில் பெயர்த்துப் போடுங்கள் என்று மருமகள் கேட்டுக்கொண்டே இருந்தாள். காப்புரிமை உள்ள வரிகள். பெயர்த்தாலும் அதே சிக்கல்தான். பொருளைச் சொந்த வாக்கியத்தில் சுருக்கியதோடு சரி. அட்டைப் படத்தைச் சிறிய அளவில், நியாயப் பயன்பாட்டுக் குறிப்போடு ஏற்றியாயிற்று. 'வுதரிங்' என்று தேடுகிறவர்களும் இந்தக் கட்டுரைக்கே வந்து சேர ஒரு வழிமாற்று.

கடைசிப் பகுதி மரபு. 1986-இல் தொகுப்பு இசைத்தட்டு ஒன்றுக்காக அவர் குரலை மட்டும் மறுபடி பதிவு செய்தார். முதிர்ந்த குரல், கிழியாது. எனக்கென்னவோ பழையதுதான் பிடிக்கிறது. 2022-இல் 'ரன்னிங் அப் தட் ஹில்' பிரிட்டனில் முதலிடத்துக்கு வந்தபோது, முதல் முதலிடத்துக்கும் அதற்கும் இடைவெளி 44 ஆண்டு. அதுவரை வேறு யாருக்கும் அவ்வளவு நீண்ட இடைவெளி அமைந்ததில்லை. அந்த ஒரு வரியோடு பகுதியை முடித்தேன்.

தை பிறந்ததும் முகூர்த்தங்கள் தொடங்கிவிட்டன; இனி இரவு பத்து மணிக்குமேல்தான் கணினி. கட்டுரையில் பெயர்களெல்லாம் நீலமாகிவிடவில்லை. தனிக் கட்டுரை இருந்தால் இணைப்பு நீலம், இல்லையென்றால் சிவப்பு; இயன் பெயர்ன்சன் இன்னும் சிவப்பு இணைப்பாகவே நிற்கிறார். ஷெட்லாந்துத் தீவில் 1953-இல் பிறந்தவர், பைலட் குழுவிலும் ஆலன் பார்சன்ஸ் புராஜெக்டிலும் வாசித்தவர், 2023-இல் காலமானார். மணல்தொட்டியில் அவருக்கு முதல் பத்தி எழுதிவிட்டேன். பங்குனியில் பாடைகட்டித் திருவிழா ஒலிபெருக்கி வேலை வருவதற்குள் அதைப் பொதுவெளிக்கு நகர்த்திவிட வேண்டும்.