அதட்டாத வீட்டுக்குள் போலீஸ் எப்படி வந்தது?

அடிக்காமல், அதட்டாமல் வளர்த்தால் குழந்தைக்கு மனசாட்சி எங்கிருந்து வரும் என்பது என் மாமியாரின் கவலை. எனக்கோ, அதட்டு வாங்காத பிள்ளைக்கு இவ்வளவு கொடூரமான மனசாட்சி எப்படி வந்தது என்பதுதான் புரியவில்லை.

நாலரை வயது மகள் தம்பியைத் தள்ளிவிட்டாள். அவனுக்கு உதட்டில் லேசாகக் கீறல். நாங்கள் அவளை ஒரு வார்த்தை கடிந்து சொல்லவில்லை. ராத்திரி போர்வைக்குள்ளிருந்து, "அம்மா, போலீஸ் வந்து என் கையை வெட்டிடுவாங்களா?" என்றாள். கையை வெட்டும் போலீஸ் எங்கள் வீட்டுக் கதை எதிலும் கிடையாது.

உளப்பகுப்பாய்வைத் தொடங்கிவைத்த ஃப்ராய்டு 1923-இல் சொன்ன கணக்குப்படி, மனசாட்சி வர அவளுக்கு இன்னும் காலம் இருக்கிறது. பெற்றோரில் ஒருவர் மேல் ஆசை, மற்றவரோடு போட்டி என்ற ஈடிபஸ் சிக்கல் ஐந்தாறு வயதில் அடங்கும்போதுதான் பெற்றோரின் அதிகாரம் உள்ளே போய் சூப்பர் ஈகோவாக, அதாவது உள்ளிருந்து கண்டிக்கும் மனசாட்சியாக, உட்காருகிறது. அதுவரை இருப்பது, அன்பு போய்விடுமோ என்ற பயம். குழந்தை உள்வாங்குவது பெற்றோரை அல்ல, பெற்றோருடைய சூப்பர் ஈகோவை என்றும் பிற்பாடு சொன்னார். அப்படியென்றால் மாமியாரின் அதட்டல், அவர் வாயே திறக்காமல், என் கணவர் வழியாக இறங்கியிருக்கும்!

ஆனால் கையை வெட்டுவதற்கு உளப்பகுப்பாய்வாளர் மெலனி க்ளைன் சொல்வதுதான் பொருந்துகிறது. 1920-களில் மூன்று வயதுகூட நிரம்பாத பிள்ளைகளைப் பொம்மை விளையாட்டு வழியாகப் பகுப்பாய்வு செய்தவர். கடிக்க வேண்டும், கிழிக்க வேண்டும் என்று தனக்குள் எழும் ஆத்திரத்தையே குழந்தை பெற்றோர் மேல் ஏற்றி, பிறகு அந்தப் பயங்கர உருவத்தை உள்ளே வாங்கிக்கொள்கிறது என்றார். அதாவது, அந்தப் போலீஸுக்கு இருப்பது என் மகளுடைய பற்கள். வளர்ப்பு மென்மையாக இருந்தாலும் மனசாட்சி கடுமையாக அமையலாம் என்று 1930-இல் ஃப்ராய்டும் ஒப்புக்கொண்டார். கைக்குழந்தையின் மனதுக்குள்ளேயே இதெல்லாம் நடக்கிறது என்று க்ளைன் இன்னும் பின்னே போகும்போதுதான் எனக்குச் சந்தேகம் வருகிறது. அதை யார் பார்த்தார்கள்?

சரி, அம்மாவாக நான் என்ன செய்வது? "ஒண்ணும் ஆகலைடி, தூங்கு" என்றுதான் வாய் வந்தது. சரிசெய்ய ஒரு வழி கிடைத்தால்தான் குழந்தையால் குற்ற உணர்ச்சியைத் தாங்க முடியும் என்ற, குழந்தை மருத்துவரும் உளப்பகுப்பாய்வாளருமான வின்னிகாட்டின் வாதம் நினைவுக்கு வந்தது. "காலையில் தம்பிக்கு என்ன செய்யலாம்?" என்று கேட்டேன். காலையில் ஈரத்துணியோடு போனாள். அவன் உதட்டைக் காட்ட மறுத்தான். "அப்போ முழங்காலைக் காட்டு" என்று அதட்டினாள்.