டிக்கெட்டா, தலையா?

டீக்கடையில் இன்று இரண்டு பேருக்குள் காரசாரமான வாக்குவாதம். ‘பாகுபலி 2’ படத்தை எத்தனை கோடி பேர் பார்த்திருப்பார்கள்?

ஒருவர் மொபைலை எடுத்துக் கணக்கே போட்டுவிட்டார். வசூல் 1000 கோடிக்கு மேல். டிக்கெட் சராசரி 100 ரூபாய். ஆக, 10 கோடி பேர்!

அந்த 100 ரூபாயில்தான் வில்லங்கமே. அதை 150 ஆக்கிப் பாருங்கள், மூன்று கோடிப் பேருக்கு மேல் காணாமல் போய்விடுவார்கள். அமெரிக்காவில் ஒருவர் கொடுத்த டிக்கெட் காசில் இங்கே ஒரு குடும்பமே பார்த்திருக்கும்.

தென் கொரியாவில் இந்தத் தலைவலி இல்லை. அங்கே பேச்சே டிக்கெட் எண்ணிக்கைதான். 2014இல் வந்த ‘தி அட்மிரல்’ என்ற கடற்போர்ப் படத்துக்கு சுமார் 1.76 கோடி டிக்கெட். நாட்டின் மக்கள்தொகையே 5 கோடி சொச்சம்தான்.

சரி, டிக்கெட்டும் தலையும் ஒன்றா? 1944இல் வந்த ‘ஹரிதாஸ்’ சென்னை பிராட்வே தியேட்டரில் மூன்று தீபாவளி கண்டது. அத்தனை நாளும் புது ஆளா வந்திருப்பார்கள்? பாகவதர் பாட்டுக்காகவே திரும்பத் திரும்ப வந்தவர்களை எப்படி எண்ணுவது?

அப்புறம் டிவி. எங்கள் தெருப் பாட்டி ஒருவர் தியேட்டர் பக்கமே போனதில்லை. கட்டப்பா கதை அத்துப்படி. “படம் நல்லாத்தான் இருக்கு, விளம்பரம்தான் ஜாஸ்தி” என்கிறார்.